ஏஞ்சி புரூக்ஸ்: லைபீரியாவிலிருந்து ஐ.நா. பொதுச்சபைத் தலைமை வரை (விவாத இழை)

தென்பொருநை:
ஐ.நா. பொதுச்சபைக்குத் தலைமை தாங்கிய பெண் யார் என்று கேட்டால் நம் ஊரில் விஜயலட்சுமி பண்டிட் பெயரைச் சட்டென்று சொல்லிவிடுவார்கள். 1953. அவருக்கு அடுத்து வந்தவரைக் கேட்டால் பலருக்குத் தெரிவதில்லை. 1969 செப்டம்பரில், 24-வது கூட்டத்தொடருக்குத் தலைவரானவர் லைபீரியாவின் ஏஞ்சி எலிசபெத் புரூக்ஸ். அந்தப் பதவிக்கு வந்த இரண்டாவது பெண், ஆப்பிரிக்காவின் முதல் பெண். மூன்றாவது பெண் வருவதற்கு அதற்குப் பிறகு 37 ஆண்டு ஆனது, 2006-ல் பஹ்ரைனின் ஷேக்கா ஹயா.

அவரைப் பற்றிக் கொஞ்ச நாளாகத் தேடித் தேடிப் படித்துக்கொண்டிருக்கிறேன். எனக்குத் தோன்றுவது இதுதான்: 'முதல் ஆப்பிரிக்கப் பெண்' என்ற பட்டத்தைச் சொல்லிவிட்டு எல்லோரும் நகர்ந்துவிடுவதால் அவர் பார்த்த வேலை வெளியில் தெரியாமலே போய்விட்டது. பொதுச்சபைத் தலைமை ஒரு வருஷத்துப் பதவி. அதற்கு முன் 15 வருஷம் அவர் உட்கார்ந்து உழைத்ததெல்லாம் காலனி நாடுகளின் விடுதலை பேசப்பட்ட குழுக்களில். அதைப் பேசத்தான் இந்த இழை.

முதலில் பிறப்பு, வளர்ப்பு. 1928 ஆகஸ்ட் 24-ல் லைபீரியத் தலைநகர் மன்ரோவியாவுக்குப் பக்கத்தில் வர்ஜீனியா என்ற ஊரில் பிறந்தார். அப்பா ஒரு கறுப்பின மெதடிஸ்ட் திருச்சபையின் போதகர். வீட்டில் ஒன்பது பிள்ளைகள். கைக்கும் வாய்க்குமே போதாத நிலை, அதனால் மன்ரோவியாவில் துணி தைத்துப் பிழைத்த ஒரு விதவையிடம் இந்தப் பெண்ணை வளர விட்டார்கள். 11 வயதில் தானாகவே டைப் அடிக்கக் கற்றுக்கொண்டு, சட்ட ஆவணங்களுக்கு நகல் எடுத்துக் கொடுத்துச் சம்பாதித்தார். 14 வயதில் கல்யாணம், இரண்டு பையன்கள், பிறகு விவாகரத்து. அரசின் நீதித்துறையில் ஸ்டெனோ வேலை பார்த்தபோதுதான் சட்டத்தின் மேல் பிடிப்பு வந்தது.

லைபீரியாவில் அப்போது சட்டக் கல்லூரியே கிடையாது. நாட்டின் வெளியுறவுச் செயலராகவும் துணை அதிபராகவும் இருந்த கிளாரன்ஸ் சிம்ப்சனிடம் சேர்ந்து தொழில் பழகித் தேர்வு எழுதினார். அதோடு விடாமல் அமெரிக்கா போனார். வட கரோலினா மாநிலம் ராலி நகரில் ஷா பல்கலைக்கழகம், 1949-ல் இளங்கலை. பாத்திரம் கழுவி, துணி துவைத்து, நூலகத்தில் உதவியாளராக இருந்து, நர்ஸுக்கு எடுபிடி வேலை செய்து படித்த படிப்பு அது. பிறகு விஸ்கான்சினில் சட்டமும் அரசியல் அறிவியலும் 1952-ல் முடித்து, லண்டன் யூனிவர்சிட்டி கல்லூரியில் பன்னாட்டுச் சட்டம். 1953-ல் ஊர் திரும்பி லைபீரிய உச்ச நீதிமன்றத்தில் வழக்காடும் தகுதி பெற்றார். அதே வருஷம் உதவி அட்டார்னி ஜெனரல். வயது 25.

கருப்புக்கோட்டு:
அண்ணா, அந்த நகல் எடுக்கிற விஷயத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். கோர்ட் வேலை தெரிந்தவர்களுக்கு அது என்ன பயிற்சி என்று புரியும். பத்திரம், மனு, வாக்குமூலம், தீர்ப்பு நகல் என்று வரிக்கு வரி அடித்துக்கொண்டே இருந்தால், எந்தச் சொல் எங்கே வந்தால் வழக்கு எந்தப் பக்கம் சாயும் என்பது கைக்குப் பழகிவிடும். எங்கள் சீனியர் ஆபீஸில் முப்பது வருஷம் டைப்பிஸ்ட்டாக இருந்த ஒரு அம்மா, ஜூனியர்கள் தயாரித்த மனுவில் வேண்டுகோள் பகுதி சரியில்லை என்றால் அடிப்பதற்கு முன்பே திருப்பிக் கொடுத்துவிடுவார். ஏஞ்சி புரூக்ஸ் அதைப் பதினோரு வயதில் தொடங்கியிருக்கிறார். ஐ.நா.வில் தீர்மான வரைவுகளை ஒவ்வொரு வார்த்தையாகப் பேரம் பேசுகிற இடத்தில் அவர் ஏன் அவ்வளவு சீக்கிரம் மேலே வந்தார் என்பதற்கு எனக்கு இது ஒன்றே போதும்.

இன்னொன்று, லைபீரியப் பல்கலைக்கழகத்தில் சட்டத் துறை உருவாக உதவி, 1954-லிருந்து 58 வரை அங்கே பகுதி நேரமாகப் பாடமும் எடுத்திருக்கிறார். தனக்குக் கிடைக்காத கல்லூரியை அடுத்தவர்களுக்கு உண்டாக்கிக் கொடுத்தது பற்றி யாரும் பேசுவதில்லை. பெண் வழக்கறிஞர்களின் உலகக் கூட்டமைப்புக்கும் 60-களில் தலைவராக இருந்தார்.

மலைக்கோட்டைவாசி:
தனிமனிதராக அவர் பட்ட பாட்டை நான் குறைத்துப் பேசவில்லை. ஆனால் எந்த நாட்டின் சார்பில் அவர் ஐ.நா.வில் உட்கார்ந்தார் என்பதையும் பேச வேண்டும், இல்லையென்றால் இது வெறும் புகழுரை ஆகிவிடும்.

லைபீரியா அமெரிக்காவிலிருந்து கப்பலேறி வந்த கறுப்பின மக்கள் 1820-களிலிருந்து குடியேறி, 1847-ல் சுதந்திரம் அறிவித்த நாடு. ஆப்பிரிக்காவின் முதல் குடியரசு, வெள்ளைக்காரன் ஆளாத நாடு, எல்லாம் உண்மை. அந்தக் குடியேறிகளின் வழிவந்தவர்கள் மக்கள்தொகையில் சில சதவீதம்தான். அவர்கள் கையில்தான் ட்ரூ விக் கட்சி, அந்தக் கட்சிதான் 1878-லிருந்து 1980 வரை இடைவிடாமல் ஆட்சி. உள்நாட்டுப் பழங்குடிகளான கெபெல்லே, பாசா, கிரேபோ, க்ரு மக்கள் குடிசை வரி கட்டினார்கள், கட்டாய வேலை செய்தார்கள். 1926-ல் ஃபயர்ஸ்டோன் ரப்பர் கம்பெனிக்குப் பத்து லட்சம் ஏக்கர் வரை 99 வருஷக் குத்தகை. அந்த நிலத்தில் முன்பு குடியிருந்தவர்களை யார் கேட்டார்கள்?

அப்படிப்பட்ட அரசு நியூயார்க்கில் போய் நின்று காலனி ஆதிக்கம் ஒழிக என்று பேசியதை நாம் எப்படி எடுத்துக்கொள்வது?

கடலோடி:
லைபீரியா என்ற பெயரை நான் பார்க்காத நாளே கிடையாது. நான் வேலை பார்த்த கப்பல்களில் பாதிக்கு மேல் பின்பக்கத்தில் கப்பல் பெயருக்குக் கீழே 'மன்ரோவியா' என்று பெரிய எழுத்தில் வெல்டிங் செய்து வெள்ளைப் பெயின்ட் அடித்திருக்கும். தூத்துக்குடி, நாகப்பட்டினம் பக்கத்துப் பையன்கள் எத்தனையோ பேர் அந்தக் கொடியின் கீழ் காலம் கழித்தவர்கள், மன்ரோவியா துறைமுகத்தைக் கண்ணால் பார்த்தவர்கள் ரொம்பக் கொஞ்சம். 1948-ல் அமெரிக்காவின் முன்னாள் வெளியுறவு அமைச்சர் ஸ்டெட்டினியஸ் ஏற்பாட்டில் தொடங்கின கப்பல் பதிவு அது. இன்றைக்கும் அந்த அலுவலக வேலை பெரும்பாலும் அமெரிக்காவிலிருந்தே நடக்கிறது. அந்த நாட்டில் இப்படி ஒரு அம்மா இருந்தார் என்று இந்த இழையில்தான் தெரிந்துகொள்கிறேன். மலைக்கோட்டை கேட்ட கேள்வி நியாயமானது, பதிலைக் காத்திருக்கிறேன்.

தென்பொருநை:
கேள்வி நியாயமானதுதான். என் பதில், அந்த அம்மா எந்தக் குழுவில் என்ன செய்தார் என்று பார்ப்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

1954-ல் லைபீரியத் தூதுக்குழுவில் கடைசி நேரத்தில் ஒரு இடம் காலியாகி, அதை நிரப்பப் போனவர் அவர். அதற்குப் பிறகு வருஷாவருஷம் பொதுச்சபைக் கூட்டத்துக்குப் போய்க்கொண்டே இருந்தார். அவர் போய் உட்கார்ந்த நான்காவது குழு, தன்னாட்சி இல்லாத பிரதேசங்களையும் ஐ.நா. பொறுப்பிலிருந்த அறங்காவல் பிரதேசங்களையும் கவனிக்கிற குழு. டாங்கனிக்கா, கேமரூன், டோகோ, ருவாண்டா-உருண்டி, தென்மேற்கு ஆப்பிரிக்கா என்று ஊர் ஊராக ஆட்கள் மனுவோடு வந்து நிற்பார்கள். ஆளுகிற நாடுகள், இவர்களை எதற்குப் பேச விட வேண்டும் என்று ஆட்சேபிக்கும். அவர்களைப் பேச அழைப்பதே அங்கே ஒரு போராட்டம். 1956-ல் அந்தக் குழுவுக்குத் துணைத் தலைவர், 1961-ல் தலைவர். 1960 டிசம்பரில்தான் காலனி நாடுகளுக்கு விடுதலை தர வேண்டும் என்ற பிரகடனம் நிறைவேறியிருந்தது, அதைச் செயலில் காட்ட வேண்டிய முதல் வருஷத்தில் நாற்காலியில் இருந்தவர் இவர்.

1962-ல் ருவாண்டா-உருண்டிக்கான ஐ.நா. ஆணையத்தின் தலைவர். பெல்ஜியம் வெளியேறப் போகிறது, ருவாண்டாவில் 1959-லிருந்தே வெட்டுக்குத்து, அகதிகள் எல்லை தாண்டி ஓடிக்கொண்டிருக்கிறார்கள். இரண்டையும் ஒரே நாடாக வைத்துச் சுதந்திரம் தர முடியுமா என்று ஐ.நா. ஆசைப்பட்டது. ஆடிஸ் அபாபாவில் இரண்டு தரப்பையும் உட்கார வைத்துப் பேசிப் பார்த்தார்கள், ஒத்துவரவில்லை. 1962 ஜூலை 1-ம் தேதி ருவாண்டா, புருண்டி என்று தனித்தனி நாடுகளாகின. பின்னால் அங்கே நடந்ததெல்லாம் நமக்குத் தெரியும். ஒன்றாக வைத்திருந்தால் தடுத்திருக்கலாமா என்பதற்கு யாரிடமும் பதில் கிடையாது. ஆனால் அந்த மேசையில் நடுவில் இருந்தவர் 34 வயது கூட நிறையாத ஒரு பெண் என்பது எனக்கு இப்போதும் வியப்பாகவே இருக்கிறது.

மலைக்கோட்டை, உங்கள் கேள்விக்கு நேராகச் சொல்கிறேன். அவர் நாட்டு அரசு உள்ளூரில் செய்த அநியாயத்துக்கு இது பதில் ஆகாது. ஆனால் டாங்கனிக்காவிலிருந்து மனு கொண்டுவந்தவருக்கு அது தேவையும் இல்லை. அவருக்குத் தேவைப்பட்டது குழுவில் தன் பேச்சைக் கேட்க வைக்கிற ஒரு ஓட்டும் ஒரு தலைவரும். 1950-களின் நடுவில் ஐ.நா.வில் இருந்த கறுப்பின ஆப்பிரிக்க நாடுகளை விரல் விட்டு எண்ணிவிடலாம், கானாவே 1957-ல்தான் வருகிறது.

அரும்பு:
எல்லோருக்கும் வணக்கம். கல்லூரியில் பன்னாட்டு உறவுகள் படிக்கிறேன். இவரை அமெரிக்காவில் ஒரு ஓட்டலில் சாப்பாடு தராமல் திருப்பி அனுப்பினார்கள் என்று எங்கோ ஒரு வரி படித்தேன். அது படிக்கப் போன காலத்திலா, அதிகாரியாக இருந்தபோதா? யாராவது விவரமாகச் சொல்லுங்கள்.

நூலடுக்கு:
தம்பி/தங்கச்சி, அது அதிகாரியாக இருந்தபோதுதான். 1963 ஏப்ரல் 30. அப்போது அவர் லைபீரிய வெளியுறவுத் துறையில் உதவிச் செயலர், 1958-லிருந்து அந்தப் பதவி. நான்காவது குழுவின் தலைவராக இருந்து முடித்தவர். ராலி நகரில், அதாவது பாத்திரம் கழுவிப் படித்த அதே ஊரில், வட கரோலினா மாநிலப் பல்கலைக்கழகத்தில் பேச அழைத்திருந்தார்கள். அங்கே பேராசிரியராக இருந்த ஆலர்ட் லோவன்ஸ்டைன் சிலரோடு சேர்ந்து அவரைச் சாப்பிட அழைத்துப் போனார். கறுப்பினத்தவர் என்பதால் சர் வால்டர் காபி ஷாப்பில் இடம் தரவில்லை. எஸ் அண்ட் டபிள்யூ கஃபிடீரியாவிலும் வாசலிலேயே மறுப்பு.

பின்னணி தெரிந்தால்தான் இதன் கனம் புரியும். அமெரிக்காவுக்கு அப்போது சோவியத் யூனியனோடு ஆப்பிரிக்க நாடுகளின் நட்புக்காகப் போட்டி. நியூயார்க்கிலிருந்து வாஷிங்டனுக்குக் காரில் போகிற ஆப்பிரிக்கத் தூதர்கள் மேரிலாந்தில் 40-ம் எண் நெடுஞ்சாலையில் ஒரு காபிக்கு நிறுத்தினால் வெளியே போகச் சொல்வார்கள். 1961-ல் சாட் நாட்டுத் தூதருக்கே அது நடந்து கென்னடி அரசுக்குப் பெரிய தலைகுனிவு. வெளியுறவுத் துறையில் இதைக் கவனிக்கவே ஒரு பிரிவு வைத்து, ஓட்டல்காரர்களிடம் போய்க் கெஞ்சிக்கொண்டிருந்தார்கள். அப்படியிருக்க, ஐ.நா.வில் எல்லோருக்கும் தெரிந்த ஒருவருக்கு ராலியில் கதவு சாத்தினால்? மறுநாள் உலகப் பத்திரிகைகளில் செய்தி. அமெரிக்க வெளியுறவுத் துறை வருத்தம் தெரிவித்தது.

ஆனால் அந்த ஊர் மாணவர்களுக்கு இது ஒரு பெரிய மனுஷிக்கு நேர்ந்த அவமானமாக மட்டும் படவில்லை, தினமும் தாங்கள் அனுபவிப்பது இப்போதுதான் பேப்பரில் வருகிறது என்று பட்டது. ஷா பல்கலைக்கழகம் சாதாரண இடமில்லை, 1960 ஏப்ரலில் 'எல்லா பேக்கர்' என்ற உரிமைப் போராளி அம்மா கூட்டிய கூட்டத்தில் எஸ்.என்.சி.சி. என்ற மாணவர் போராட்ட அமைப்பு பிறந்ததே அங்கேதான். மே மாதம் முழுக்க ராலி தெருக்களில் ஊர்வலம், நூற்றுக்கணக்கில் கைது. கொஞ்சம் கொஞ்சமாகக் கடைகள் கதவைத் திறந்தன. நாடு முழுக்கச் சட்டப்படி இந்த நிறப் பாகுபாடு முடிவுக்கு வந்தது 1964 ஜூலையில்.

அரும்பு:
நன்றி. படிக்கும்போதே மனசு கனத்துவிட்டது. வெளிநாட்டுத் தூதர் என்பதால் வருத்தம் தெரிவித்தார்கள், அதே மேசையில் உட்கார்ந்த உள்ளூர்க் கறுப்பின மாணவருக்கு யார் தெரிவித்தார்கள்?

நூலடுக்கு:
யாரும் இல்லை. 1961-லேயே 40-ம் எண் சாலையில் சில கறுப்பின அமெரிக்கப் பத்திரிகையாளர்கள் ஆப்பிரிக்கத் தூதர்கள் மாதிரி உடை போட்டுக்கொண்டு போய் இதே கேள்வியைக் கேட்டார்கள், அங்கே சில கடைகளில் மரியாதையாகப் பரிமாறினார்கள்.

மலைக்கோட்டைவாசி:
ராலி சம்பவம் எனக்குப் புதிது, நூலடுக்கு சாருக்கு நன்றி. ஆனால் நான் முதலில் கேட்டதை விடவில்லை. இன்னும் கொஞ்சம் தோண்டினால் ரொம்ப விசித்திரமான ஒரு விஷயம் கிடைக்கிறது.

1930-ல், ஐ.நா.வுக்கு முன்பிருந்த சர்வதேச சங்கத்தின் விசாரணைக் குழு லைபீரியாவுக்கு வந்தது. பெர்னாண்டோ போ தீவின் கோகோ தோட்டங்களுக்கு உள்நாட்டு மக்களைப் பிடித்து அனுப்பியதில் அதிகாரிகளுக்கே பங்கு இருந்தது என்று அறிக்கை. அடிமைத்தனத்திலிருந்து தப்பி வந்தவர்கள் உண்டாக்கிய நாட்டில்! அதிபர் கிங் பதவி விலகினார். லைபீரியாவை வெளியாட்கள் மேற்பார்வையில் வைக்கலாமா என்றுகூடப் பேச்சு நடந்து, அதிலிருந்து தப்பித்தது. சரியாக 36 வருஷம் கழித்து, 1966-ல், அடுத்தவர் மேற்பார்வையில் இருந்த நாடுகளைக் கண்காணிக்கிற அறங்காவல் மன்றத்துக்கு லைபீரியப் பெண் தலைவர் ஆகிறார். இதை நாடகத்தில் எழுதினால் மிகை என்பார்கள்.

தென்பொருநை:
அற்புதமான தகவல், இதை நான் இணைத்துப் பார்த்ததில்லை. அந்த மன்றத்துக்குத் தலைவரான முதல் ஆப்பிரிக்கப் பெண் அவர். சுற்றிலும் அமெரிக்கா, பிரிட்டன், சோவியத் யூனியன், பிரான்ஸ், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து என்று பெரிய ஆட்கள். 1966-ல் மிச்சமிருந்தது நவ்ரு, நியூகினி, பசிபிக் தீவுகள். 1964-லேயே பசிபிக் தீவுகளுக்கு நேரில் போன ஐ.நா. பார்வைக் குழுவில் அவர் இருந்தார். நவ்ருவில் பாஸ்பேட்டை வெட்டி வெட்டித் தீவின் நடுப்பகுதியே பாறை முள்ளாக நின்றது, அங்கேயுள்ள மக்களை ஆஸ்திரேலியப் பக்கம் வேறொரு தீவுக்குக் குடிமாற்றலாமா என்று பேசிக்கொண்டிருந்தார்கள். நவ்ரு மக்கள் மறுத்துவிட்டார்கள். 1968 ஜனவரி 31-ல் தனி நாடானது.

லைபீரியாவின் கணக்கில் வைக்க வேண்டிய இன்னொன்று. தென்மேற்கு ஆப்பிரிக்காவை, அதாவது இன்றைய நமீபியாவை, தென்னாப்பிரிக்கா விடாமல் பிடித்துக்கொண்டிருந்ததை எதிர்த்து 1960-ல் பன்னாட்டு நீதிமன்றம் போனது எத்தியோப்பியாவும் லைபீரியாவும்தான். ஆறு வருஷம் நடந்தது. 1966 ஜூலை 18-ல் ஓட்டு 7-7, தலைமை நீதிபதி ஸ்பெண்டர் தன் கூடுதல் ஓட்டைப் போட்டு, இந்த இரண்டு நாட்டுக்கும் வழக்குத் தொடுக்கிற உரிமையே நிறுவப்படவில்லை என்று தள்ளிவிட்டார்.

கருப்புக்கோட்டு:
அந்தத் தீர்ப்பை எந்த வழக்கறிஞர் படித்தாலும் கோபம் வரும். 1962-ல் இதே நீதிமன்றம் பூர்வாங்க ஆட்சேபணைகளைத் தள்ளி வழக்கை விசாரிக்க ஏற்றது. நாலு வருஷம் சாட்சி, வாதம் எல்லாம் முடிந்த பிறகு 'உனக்கு உரிமை இல்லை' என்றால் என்ன நியாயம்? ஆனால் அந்தக் கோபம் வீணாகவில்லை. அதே அக்டோபர் 27-ல் பொதுச்சபை, தென்மேற்கு ஆப்பிரிக்காவை ஆளத் தென்னாப்பிரிக்காவுக்கு இருந்த ஆணையுரிமை முடிந்தது என்று தீர்மானம் போட்டது. 1971-ல் நீதிமன்றமே ஆலோசனைக் கருத்தாக அதை ஒத்துக்கொண்டது. நமீபியா விடுதலையானது 1990 மார்ச் 21.

மலைக்கோட்டை அண்ணா கேட்டதற்கு என் பக்கத்துப் பதில் இதுதான். அநியாயம் செய்த அரசு ஒன்று சரியான வழக்கைத் தொடுக்க முடியும். வழக்கின் நியாயம் வழக்குத் தொடுத்தவரின் சுத்தத்தைப் பொறுத்தது இல்லை. அதே சமயம் வழக்கின் நியாயம் அவர் வீட்டு அழுக்கைக் கழுவவும் செய்யாது. இரண்டையும் தனித்தனிக் கோப்பில் வைக்க வேண்டும்.

நூலடுக்கு:
இந்த இடத்தில் பக்கத்து நாட்டு அம்மா ஒருவரையும் சொல்லியாக வேண்டும். கினியாவின் ழான் மார்த்தன் சிஸ்ஸே. 1926-ல் கங்கானில் பிறந்தவர், செனகலின் ருஃபிஸ்க் ஆசிரியர் பள்ளியில் படித்து, கினியாவின் முதல் பெண் ஆசிரியர்களில் ஒருவரானவர். 1962-லிருந்து ஆப்பிரிக்கப் பெண்கள் அமைப்பின் பொதுச்செயலர். 1972-ல் கினியாவின் ஐ.நா. தூதர். அந்த நவம்பரில் பாதுகாப்பு மன்றத்தின் தலைமை முறைப்படி கினியாவுக்கு வந்தது. அந்த நாற்காலியில் அமர்ந்த முதல் பெண் அவர்தான். நவம்பர் 22-ல் போர்ச்சுகல் தன் ஆப்பிரிக்கக் காலனிகளின் விடுதலை இயக்கங்களோடு பேச வேண்டும் என்ற தீர்மானம் 322 ஒருமனதாக நிறைவேறியது. சரியாக இரண்டு வருஷத்துக்கு முன் அதே தேதியில்தான் போர்ச்சுகல் படை கடல் வழியாகக் கோனாக்ரிக்குள் இறங்கித் தாக்கியிருந்தது.

ஆனால் அவர் சேவை செய்த அதிபர் செகு தூரே ஆட்சியில் போய்ரோ முகாம் என்ற சிறை இருந்தது. கினியாவின் முதல் ஐ.நா. தூதர் தியாலோ தெல்லி, ஆப்பிரிக்க ஒற்றுமை அமைப்பின் முதல் பொதுச்செயலராகவும் இருந்தவர், 1977-ல் அங்கே பட்டினி போடப்பட்டுச் செத்தார். அப்போது சிஸ்ஸே சமூக நலத் துறை அமைச்சர். 1984-ல் தூரே இறந்து ராணுவம் ஆட்சியைப் பிடித்ததும் அவரையும் சிறையில் போட்டார்கள், ஒரு வருஷத்துக்கு மேல். 2017-ல் 90 வயதில் இறந்தார். இவரை எந்தக் கோப்பில் வைப்பது என்று எனக்கு இன்னும் தீர்மானிக்க முடியவில்லை.

மலைக்கோட்டைவாசி:
தியாலோ தெல்லியின் பெயரை யாராவது சொல்வார்களா என்று காத்திருந்தேன். முன்னோடிகள் பட்டியல் போடுகிற கட்டுரைகள் இதைத் தொடுவதே இல்லை. கருப்புக்கோட்டு சொன்ன தனித்தனிக் கோப்பு யோசனை எனக்குச் சம்மதம், ஆனால் இரண்டு கோப்பையும் ஒரே அலமாரியில் வைக்க வேண்டும் என்பதுதான் என் வாதம்.

தென்பொருநை:
சரி, 1969-க்கு வருவோம். செப்டம்பர் 16-ல் கூட்டம் தொடங்கியது. அதற்கு முந்தைய தலைவர், குவாத்தமாலாவின் அரினாலெஸ், பதவிக் காலத்திலேயே நோயால் இறந்துபோயிருந்தார். அப்போது 126 உறுப்பு நாடுகள். நடு இருக்கையில் ஏஞ்சி புரூக்ஸ், பக்கத்தில் பொதுச்செயலர் ஊ தாண்ட், கையில் ஐஸ்லாந்து பரிசளித்த மரச் சுத்தியல். அந்தச் சுத்தியலின் முதல் பிரதி 1960-ல் சோவியத் தலைவர் குருஷேவ் செய்த அமர்க்களத்தின்போது அடித்த அடியில் உடைந்து, ஐஸ்லாந்து வேறு செய்து அனுப்பியிருந்தது. இரண்டே நாளில் அமெரிக்க அதிபர் நிக்சன் வந்து பேசினார், வியட்நாம் போர் உச்சத்தில் இருந்த நேரம்.

தலைவராகி அவர் பேசிய பேச்சில் எனக்குப் பிடித்தது, ஐ.நா.வைப் புகழாமல் அதன் பலவீனத்தைச் சொன்னது. ஒரு தீர்மானத்தை நிறைவேற்றிவிட்டால் நம் பொறுப்பு முடிந்தது என்று நினைக்கிற பழக்கம் வந்துவிட்டது என்ற பொருளில் பேசினார். 15 வருஷம் தீர்மானங்களை எழுதி, திருத்தி, ஓட்டெடுப்பில் ஜெயித்து, பிறகு போர்ச்சுகலும் தென்னாப்பிரிக்காவும் அதைக் குப்பையில் போடுவதைப் பார்த்தவர் சொல்கிற பேச்சு அது. அந்தக் கூட்டத்தொடரில்தான் நவம்பர் 20-ல் லுசாகா அறிக்கையைப் பொதுச்சபை வரவேற்றது, பேச்சுவார்த்தையே எங்கள் முதல் விருப்பம், வழி அடைத்தால் விடுதலைப் போராளிகளை ஆதரிப்போம் என்று ஆப்பிரிக்க நாடுகள் சொன்ன அறிக்கை. மக்கள் சீனத்துக்கு இடம் தருகிற தீர்மானம் அந்த வருஷமும் தோற்றது.

கடலோடி:
அதே கூட்டத்தொடரில் டிசம்பர் 15-ல் எங்கள் தொழிலைத் தொடுகிற ஒன்றும் நடந்தது. எந்த நாட்டு எல்லைக்கும் அப்பால் இருக்கிற கடலடித் தரையை, உலகப் பொது ஏற்பாடு ஒன்று வருகிற வரை யாரும் தோண்டக்கூடாது என்ற தீர்மானம். அமெரிக்கா, சோவியத் யூனியன் இரண்டும் சேர்ந்து எதிர்த்தும் சின்ன நாடுகள் ஜெயித்தன. அந்தக் கடலடிக் குழுவுக்குத் தலைவர் இலங்கையின் ஷெர்லி அமரசிங்க, பின்னால் கடல் சட்ட மாநாட்டுக்கே தலைவரானவர். 1982-ல் வந்த கடல் சட்ட ஒப்பந்தத்தை எங்களுக்குப் பரீட்சைக்குப் படிக்க வைத்தார்கள். அதன் வேர்களில் ஒன்று இந்த அம்மா சுத்தியல் தட்டிய கூட்டத்தொடரில் இருக்கிறது என்று எந்த வாத்தியாரும் சொன்னதில்லை.

அரும்பு:
பதவி முடிந்த பிறகு அவர் என்ன ஆனார்? 1980-ல் லைபீரியாவில் ராணுவப் புரட்சி நடந்ததே?

கருப்புக்கோட்டு:
1970-களின் நடுவில் லைபீரியாவின் நிரந்தரப் பிரதிநிதியாக ஐ.நா.வில் இருந்தார். 1977-ல் அதிபர் டால்பர்ட் அவரை உச்ச நீதிமன்ற நீதிபதி ஆக்கினார், அந்த நாட்டில் அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண். 1980 ஏப்ரல் 12-ல் சாமுவேல் டோ தலைமையில் சிப்பாய்கள் டால்பர்ட்டைக் கொன்றார்கள், பத்து நாள் கழித்து முன்னாள் அமைச்சர்களும் உயர் அதிகாரிகளுமாக 13 பேரை மன்ரோவியா கடற்கரையில் கம்பத்தில் கட்டிச் சுட்டார்கள். அரசியல் சாசனமே நிறுத்தி வைக்கப்பட்டது. அதற்குப் பிறகு 1989-லிருந்து 2003 வரை இரண்டு உள்நாட்டுப் போர். மலைக்கோட்டை அண்ணா முதலில் சொன்ன அநியாயத்தின் வட்டியை, அதைச் செய்தவர்களும் செய்யாதவர்களும் சேர்ந்தே கட்டினார்கள்.

இன்னொரு விஷயத்தை விட மனசில்லை. அவர் தன் வாழ்நாளில் 40-க்கும் மேற்பட்ட பிள்ளைகளை எடுத்து வளர்த்திருக்கிறார். தையல்கார அம்மா ஒருவர் வீட்டில் வளர்ந்த பிள்ளை அவர். மேற்கு ஆப்பிரிக்காவில் உறவுக்காரர், ஊர்க்காரர் பிள்ளைகளை வீட்டில் வைத்துப் படிக்க வைப்பது வழக்கம்தான், ஆனாலும் வருஷத்தில் மூன்று மாதம் நியூயார்க்கில் இருக்கிற ஒருவர் இத்தனை பேருக்குச் சோறும் பள்ளிக் கட்டணமும் பார்த்தது சாதாரணமில்லை. 2007 செப்டம்பர் 9-ல் அமெரிக்காவின் ஹூஸ்டனில் இறந்தார், ஊருக்குக் கொண்டுவந்து அரசு மரியாதையோடு அடக்கம் செய்தார்கள். அப்போது லைபீரிய அதிபர் எலன் ஜான்சன் சர்லீஃப்.

மலைக்கோட்டைவாசி:
அந்த அரசு மரியாதைக்குப் பிறகு நடந்ததையும் சேர்த்துவிடுகிறேன், இது என் தரப்புக்கு எதிரான சாட்சி என்றாலும். 2009-ல் மன்ரோவியாவில் உலகப் பெண் தலைவர்கள் மாநாடு நடந்தது, அதிலிருந்து ஏஞ்சி புரூக்ஸ் பெயரில் ஒரு மையம் உருவானது. 2011 தேர்தல் சமயத்தில் அந்த மையம் 'பெண்கள் சூழ்நிலை அறை' என்று ஒன்றைத் தொடங்கியது. எங்கே தகராறு கிளம்பினாலும் பெண்கள் போன் செய்து சொல்வார்கள், மூத்த பெண்கள் கட்சிக்காரர்களிடமும் போலீஸிடமும் நேராகப் பேசிப் பெரிதாகாமல் பார்த்துக்கொள்வார்கள். செனகல், சியரா லியோன், கென்யா, நைஜீரியா என்று மற்ற நாட்டுத் தேர்தல்களிலும் அதே முறையைப் பிறகு எடுத்துக்கொண்டார்கள்.

தென்பொருநை:
இதைத்தான் தேடிக்கொண்டிருந்தேன். அரும்பு, கல்லூரிக்கு இதை எழுதுவதாக இருந்தால் 1969-லிருந்து தொடங்காதே. ஐ.நா. மின்னூலகத்தில் நான்காவது குழுவின் 1961-ம் வருஷக் கூட்டக் குறிப்புகள் இருக்கின்றன, இலவசமாகவே கிடைக்கும். மனுதாரர்களை அழைக்கலாமா என்ற விவாதங்களை முதலில் படி. சந்தேகம் வந்தால் இங்கேயே கேள், கருப்புக்கோட்டு அக்காவும் நூலடுக்கு சாரும் இருக்கிறார்கள்.